இரண்டும் ஒரே நாளில் சாகாதிருக்க

லங்காப் கடைத்தெருவில், சைக்கிள் கடையை ஒட்டி
தியாம் ஹுவாட்டின் கம்ப்யூட்டர் கடை.
எதை வைக்க, கல்யாண வீடியோவா? மலாயில் கேட்டான்.
சூராட் பெராநாக், என்றேன்.
நூற்றுப் பதினாறு பேருடையது.
அவன் கால்குலேட்டரைக் கீழே வைத்தான்.

தோட்டத்தை விற்றுவிட்டார்கள்.
வீட்டுமனை கேட்டுப் போட்ட வழக்கில்
யார் எந்த லயத்தில் பிறந்தார் என்பதற்குச் சாட்சி
என் வீட்டு மடிக்கணினி ஒன்றுதான்.
இடி இறங்கும் மாலைகளில்
ப்ளக்கைப் பிடுங்கிவிட்டு
காய்ச்சல் பிள்ளைக்குக் காவல்போல் பக்கத்தில் இருப்பேன்.

இரண்டு ஹார்ட் டிஸ்க் எடுத்து வைத்தான், நாலு டெராபைட்.
வரிசை எண்ணில் கடைசி இலக்கம் மட்டும் வேறு.
ஒரே வயிற்றில் பிறந்தவை, ஒரே வாரத்தில் படுத்துவிடும்,
ஒன்றை இங்கே வாங்கு,
மற்றதை தெலுக் இந்தானில், வேறு கம்பெனியில் வாங்கு.
விற்கிறவனே சொன்னான்.
பாதி வியாபாரம் போனது அவனுக்கு.
அன்றிலிருந்து மவுஸ் வாங்கக்கூட நான் வேறு கடை ஏறுவதில்லை.

அப்புறம் கூடு.
பிளாஸ்டிக் கூடு மலிவு, ஆனால் உள்ளே வேகும்.
காற்றாடி வைத்ததற்கு முதுகெல்லாம் துளை;
எங்கள் வீட்டு எறும்புக்குத் துளை என்றால் அழைப்பிதழ்.
போன வருஷம் மோடத்துக்குள்
முட்டை முடிச்சோடு குடிவந்து
இன்டர்நெட்டை நிறுத்தியவை அவை.
கடைசியில் அலுமினியம்.
இரண்டு அறை, காற்றாடி இல்லை, சத்தம் இல்லை,
தொட்டால் இறக்கிவைத்த சோற்றுப் பானையின் சூடு.
முந்நூற்று இருபது ரிங்கிட். பத்து குறைத்தான்.

ஒன்றில் எழுதினால் மற்றதிலும் எழுதும்,
கண்ணாடி மாதிரி, என்றான்.
எனக்கு அது போதும் என்று தோன்றியது.

ஆலையில் எடைமேடை கிளார்க் நான்.
செம்பனை லாரிகள் ஓயாத ஒரு சீசன் இரவு
பதினொன்றுக்கு வீடு வந்து
கோப்புறைகளை ஒழுங்குபடுத்தப்போய்
நாலாம் லயத்தை அழித்தேன்.
மறுபாதியும் அழித்தது, அதே நொடியில்.
கண்ணாடி என்றால் அதுதானே.
என் பொட்டை நான் அழித்தால்
அது தன் பொட்டை வைத்துக்கொண்டா நிற்கும்?

இருபத்து மூன்று வீடு. ஸ்கேனரை மோட்டார் கூடையில் வைத்து
மறுபடி படியேறினேன்.
அஞ்சலிதேவி திட்டினாள், பிறகு மைலோ கலக்கினாள்.
வீரப்பெருமாள் மட்டும் பெட்டியைத் திறந்து காட்டினார்.
சிவப்பு ஐசி இருந்தது.
பிறப்புப் பத்திரம் இருந்த இடத்தில்
கறையான் விட்டுவைத்த ஒரு மூலை,
முத்திரையில் பாதி.
எம்மா, நீதான் பத்திரமா வச்சிருக்கேன்னு நெனச்சேன்.

மூன்றாவதை ஒன்றும் கேட்காமல் வாங்கினேன்.
உள்ளங்கை அகலம், தனி மின்சாரம் வேண்டாத சின்னது.
ஞாயிறன்று மட்டும் சொருகி, பிரதியெடுத்து, பிடுங்கி,
காலணிப் பெட்டியில் வந்த ஈரம் உறிஞ்சும் பொட்டலத்தோடு
டப்பாவில் அடைப்பேன்.
ஒரே கூரைக்குள் இருக்கக்கூடாது என்றான் தியாம் ஹுவாட்.
தீ, வெள்ளம், திருடன், மூன்றுக்கும் ஒரே விலாசம் போதும்.

எனவே திங்கட்கிழமை அது என்னோடு வேலைக்கு வரும்.
எந்தக் கம்பெனிமேல் வழக்கோ
அதே கம்பெனியின் ஆலையில்,
அவர்கள் குளிரூட்டியின் கீழ்,
அவர்கள் வாங்கிப்போட்ட பூட்டுக்குள்,
எடைச்சீட்டுக் கட்டுகளுக்கு அடியில் தூங்கும்.
மேனேஜர் போகும்போது வரும்போது அந்த மேசையில்தான்
குடையைச் சாத்துகிறார்.
கடவுச்சொல் தோட்டத்தின் பழைய பெயர், தலைகீழாக.

ஞாயிறுதோறும் திரையில் பச்சைக் கோடு நகரும்.
நூற்றுப் பதினாறு கோப்புறை.
வீரப்பெருமாள் பெயரில் உள்ளதில் ஒன்றுமில்லை.
அதையும் ஒன்றுவிடாமல்
மூன்று இடத்தில் வைத்திருக்கிறேன்.