மூச்சு வெட்டுகிறவன்

பிரோஷ்கா ஹால்மோஷ் பதினொரு முறை செத்திருக்கிறாள்.
இரண்டு முறை காசநோய். ஒரு முறை தண்டவாளம்.
மற்றவை கதாசிரியர்களுக்கே மறந்துபோன காரணங்கள்.
ஒருமுறை சவப்பெட்டிக்குள் அசந்து தூங்கி
குறட்டை விட்டதில்
அழுதுகொண்டிருந்த விதவைக்குச் சிரிப்பு வந்துவிட்டது.
அந்தக் காட்சியை மட்டும் மறுபடி எடுத்தார்கள்.

தாதி, பயணச்சீட்டுப் பரிசோதகர், மூன்றாவது சாட்சி,
சுவரொட்டியில் பெயர் இல்லாத மாமியார்.
சந்தையில் அவளைப் பார்ப்பவர்கள்
எங்கேயோ கடன் வாங்கிய ஆள்போல
ஒரு கணம் தயங்கிவிட்டுப் போவார்கள்.

புடாபெஸ்டின் எட்டாவது மாவட்டத்தில்
பழைய ரொட்டிக் கிடங்கொன்றின் நிலவறையில்
எங்கள் டப்பிங் கூடம்.
இருபத்தாறு ஆண்டுகள்
கண்ணாடிக்கு அந்தப் பக்கம் அவள், இந்தப் பக்கம் நான்.
அவள் பேசுவாள்.
சொல்லுக்கும் சொல்லுக்கும் நடுவே அவள் இழுக்கும் மூச்சை
வெட்டி எடுப்பது என் வேலை.

திரையில் அந்நியப் பெண்ணின் உதடு ஒட்டும் இடத்தில்
ஒரு 'ப'வோ 'ம'வோ வந்து விழுந்தாக வேண்டும்.
அதற்காக வசனத்தையே புரட்டிப் போடுவாள்.
பிரெஞ்சுக் கொலைகாரி ஒருத்தி
எங்கள் மொழியில் மட்டும் கூடுதலாக ஒரு மன்னிப்புக் கேட்டது
அப்படித்தான்.

கார்ட்டூன் முள்ளெலிக்கு அவள் குரல்தான்.
பிள்ளைகள் முள்ளெலிக்குக் கடிதம் எழுதினார்கள்.
முள்ளெலியே பதில் எழுதியது,
எழுத்துப்பிழைகளோடு.
டிராமில் அடுத்த நிறுத்தம் சொன்னதும் அவள்தான்.
தன் குரல்தானே என்று காதில் வாங்காமல்
இருமுறை இறங்க மறந்திருக்கிறாள்.

ஐம்பத்தெட்டில் முழங்கால் மக்கர் செய்தது.
மேசைக்கு மறுபக்கம் போய் உட்கார்ந்தாள்,
காஸ்டிங் டைரக்டராக.
'சொல்லி அனுப்புகிறோம்' என்று
ஒருத்தியிடமும் அவள் சொன்னதில்லை.
வெள்ளிக்கிழமை மாலை அவளே போன் செய்து
இல்லை என்றால் இல்லை என்பாள்.
பிறகு போனை வைக்காமல்
அவர்கள் வைக்கும்வரை காத்திருப்பாள்.

அந்த மார்ச் மாதம்
ஒரு படம், ஒரே ஒரு காட்சி.
அறுபது வயதுக்காரி கதவைத் திறந்து சொல்ல வேண்டும்:
'அவன் இங்கே இல்லை. பசித்தால் உள்ளே வா.'
முப்பத்தொரு பெண்கள் வந்தார்கள்.
கதவைத் தட்டுகிறவளின் வரிகளை
கேமராவுக்குப் பின்னால் நின்று பிரோஷ்கா படித்தாள்.
கிராஸ் நகரத்திலிருந்து இயக்குநர் பேசினார்:
'நடிகைகள் இருக்கட்டும்.
தட்டுகிற அந்தக் குரல், அது யார்? அவள் வேண்டும்.'

என்னைப் பார்த்தாள். போனில் சொன்னாள்:
'அது ஒலிப்பதிவாளர் மனைவி. நடிக்க மாட்டாள்.'

எனக்குக் கல்யாணமே ஆகவில்லை.

வேடம் பத்தொன்பதாம் எண் எதெல்கா போதோவுக்குப் போயிற்று.
மறந்துவிட்டுப்போன குடைக்காகத் திரும்பி வந்து
திறந்தே கிடந்த கதவைத் தட்டியவள்.
ஏன் மறுத்தாய் என்று நான் கேட்கவில்லை.
அவள் சொல்கிற ஆளும் இல்லை.

கூடத்தைக் காலி செய்த வாரம்
ஒரு நாடாவை அவளிடம் கொடுத்தேன்.
இத்தனை காலம் வெட்டியதில் கொஞ்சத்தை
தூக்கிப் போடாமல் ஒட்டிவைத்திருந்தேன்.
முள்ளெலியின் மூச்சு, கொலைகாரியின் மூச்சு,
ஒவ்வொரு நிறுத்தத்துக்கும் முன்னால் டிராமின் மூச்சு.
நாற்பத்தொரு நிமிடம், ஒரு சொல்கூட இல்லாமல்.

ஹெட்போன் மாட்டிக்கொண்டு முழுக்கக் கேட்டாள்.
இடையில் காபி ஆறிப்போனது.
கழற்றி மேசையில் வைத்தாள்.
'நீளம்' என்றாள்.
கோட்டுப் பொத்தானைப் போட்டபடி, வாசலில் நின்று:

'பன்னிரண்டாவது நிமிடத்தில் வருவது என் மூச்சில்லை.
உன்னுடையது.
அதை வெட்டாதே.'