ஆறு மீட்டர் அதிகம்

எமாயோகி.
என் காதில் எமனும் யோகியுமாக விழுந்த பெயர்.
அவர்கள் மொழியில் வெறுமனே தாய் ஆறு.
தார்த்து நகரத்தை இரண்டாக வகிர்ந்து
தை மாதம் முழுக்கக்
கல்லாய்க் கிடக்கிறாள்.

நகராட்சி கேட்டது நேர்கோடு.
சந்தையிலிருந்து அக்கரை மாணவர் விடுதிக்குத்
தொண்ணூற்று நான்கு மீட்டர்,
நடப்பவர்க்கு மட்டும்.
மாரிகா வரைந்து வந்ததோ
நாணேற்றிய வில்.

"ஆறு மீட்டர் அதிகம்" என்றார்
கணக்குப் பார்க்கும் ஊர்மாஸ்.
"எஃகு என்ன விலை விற்கிறது தெரியுமா?"

அவள் விலை பேசவில்லை.
ஒரு புகைப்படத்தை மேசையில் வைத்தாள்,
கிரேன் உச்சியிலிருந்து எடுத்தது.
உறைந்த ஆற்றின் மேல் தடங்கள்:
பூட்ஸ், சறுக்குவண்டி,
தள்ளுவண்டியின் இரட்டைக் கோடு,
யாரோ கைத்தடி ஊன்றிப்போன புள்ளி புள்ளி புள்ளி.
எல்லாம் நடு ஆற்றில்
எதையோ சுற்றிக்கொண்டு போயின.
அங்கே ஒன்றுமில்லை.

முன்பு இருந்தது.
கரையோரச் சலவை ஆலை
வெந்நீரைத் திறந்துவிடும் வாய்.
அந்த இடத்தில் மட்டும்
பனி அப்பளம்.
ஆலை மூடிப் பத்தொன்பது வருடம்.
இப்போது அதன்மேல் லாரியே நிற்கலாம்.
கால்களிடம் யாரும் சொல்லவில்லை.

ஊர்மாஸ் சிரித்தார்.
தொப்பியைக் காதுவரை இழுத்துக்கொண்டு
ஆற்றில் இறங்கினார்,
நேராக நடந்து காட்ட.
முப்பது எட்டு. நாற்பது.
நின்றார்.
பூட்ஸ் நுனியால் பனியைத் தட்டினார்,
உள்ளே ஆள் இருக்கிறதா என்பதுபோல.
பிறகு வலப்பக்கம் ஒதுங்கி
ஊரோடு ஊராய்
அக்கரை சேர்ந்தார்.

திங்கட்கிழமை கையெழுத்து விழுந்தது.
பேனா கொஞ்சம் அழுத்தித்தான் ஓடியிருந்தது.

மற்றதெல்லாம் கணக்கு.
ஒற்றைத் தூண், சாய்ந்தது, அதுவும் கரையில்;
பாலம் தண்ணீரில் கால் நனைக்கவில்லை.
கூட்டம் ஒரே தாளத்தில் நடந்தால்
பாலமும் தாளம் போடத் தொடங்குமாம்.
அதை அடக்க
அடிவயிற்றில் நாலு டன் எடை தொங்குகிறது.
மேலே முத்தமிடுகிறவர்களுக்குத் தெரியாது.
விளக்குகள் முழங்கால் உயரத்தில் மட்டும்.
முகத்துக்கு இருட்டு வேண்டும் என்றாள்.
பலகைகளின் நடுவே விட்ட இடைவெளி
குதிகால் செருப்பு மாட்டாத அளவு,
சாவி நழுவும் அளவு.
அது தன் பிழை என்கிறாள்.
இதுவரை ஒன்பது சாவிகள்.

புகைபோட்ட மீன் விற்கும் விர்வே
தினமும் வளைவில் கூடையை இறக்குகிறாள்.
ஏன் அங்கே என்று கேட்டேன்.
"மூச்சு வாங்குகிறது" என்றாள்.
முப்பது வயது அவளுக்கு.

பாலம் கண்ட முதல் தை.
தாய் மறுபடி கல்லானாள்.
கைப்பிடியில் சாய்ந்து கீழே பார்த்தேன்.
தள்ளுவண்டிக் கோடு இல்லை,
கைத்தடிப் புள்ளி இல்லை,
எல்லாரும் மேலே
காற்றில் ஒதுங்கி நடந்துகொண்டிருந்தார்கள்.

வெள்ளையில் ஒரே ஒரு தடம்.
நரியாக இருக்கலாம்.
நேராகப் போயிருக்கிறது.