அண்டர்கட்

கீழக்கரைக் கறிக்கடையில்
காளை தலைகீழாகத் தொங்குகிறது.
தொடையில் நகராட்சி முத்திரை,
ஊதா மை கொஞ்சம் கலைந்திருக்கிறது.

காசிம் நெய்னா கத்தியை எடுக்கவில்லை.
விலாவுக்குள் கையை விட்டு
முதுகுத்தண்டின் அடியைத் தடவுகிறார்.
கொழுப்புக்குள்ளிருந்து வழுக்கி வருகிறது
முழங்கை நீளச் சதை,
ஒரு முனை தடித்து, மறுமுனை வாலாக மெலிந்து.

"அண்டர்கட்" என்கிறார்.
அரியமான் விடுதிச் சமையல்காரன்
கைப்பேசியில் வேறு பெயர் வாசிக்கிறான்.
பிரெஞ்சாம். அவன் பல்லில் தடுக்குகிறது.
"என்ன பேரா இருந்தாலும்
ஒரு மாட்டுக்கு ரெண்டுதான் தம்பி."

கழுத்துக்கறி வாங்க வந்தவள் நான்.
வெள்ளம் வடிய இன்னும் நேரமிருக்கிறது,
பாசிக்குப் போக அவசரமில்லை.
"யாரு வச்ச பேரு?" என்றேன்.

மண்டபம் கேம்ப்பு துரை வச்சது என்றார்.
இலங்கைத் தோட்டத்துக்குப் போகும் சனத்தை
வரிசையில் நிறுத்தி
புஜத்தை அமுக்கிப் பார்த்து அனுப்பிய இடம் அது.
அங்கிருந்து சீட்டு வருமாம்
அவர் வாப்பாவின் வாப்பாவுக்கு:
அண்டர்கட் ரெண்டு.
"வரிசையில நின்னவங்களுக்கு?"
"கஞ்சி."
மெய்யோ பொய்யோ, தராசைப் பார்த்தபடியே சொன்னார்.

"ஏன் இம்புட்டு மெதுவா இருக்கு?"
கேட்டது சமையல்காரன்.
"கழுத்து நுகம் சுமக்கும். தொடை சேறு மிதிக்கும்.
இது முதுகுக்கடியில சும்மா படுத்துக் கிடக்கும்."

எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது.
விரலுக்குத் துணி சுற்றி
பாறை பாறையாகக் குனிந்து
சாக்கு நிறையப் பாசி பறித்துத் திரும்பினால்
ராத்திரி எனக்கு வலிப்பது
சரியாக அந்த இடம்தான்.
சும்மா படுத்திருக்கிறதாம்.
சொல்லவில்லை. தடியன் சமையல்காரனுக்கு
அதெல்லாம் எதற்கு?

விடுதிக்கு ஒரே தடிமன் வேண்டுமாம்.
வால் நுனியை வெட்டித் தள்ளினார் நெய்னா.
"செபத்தி, இதையும் கொண்டு போ, காசு வேணாம்"
என்று என் பையில் போட்டார்.

சின்ன ஏர்வாடி, ஒத்தை அடுப்பு.
எல்லாம் ஒரே குக்கரில், எட்டு விசில்.
ருசி பார்க்கலாமென்று
கரண்டியால் துழாவித் துழாவித் தேடினேன்.
நாராய்ப் பிரிந்து
மிளகாய்க்குள் எங்கோ போய்விட்டது துரை பங்கு.

கழுத்துக்கறி மட்டும்
இன்னும் ரெண்டு விசில் கேட்டது.