பூச்சியத்துக்குக் கீழே

புறக்கோட்டையில், சித்திரை வெயிலில்,
கம்பளி நூல் கேட்டேன்.
நானா என் வயிற்றைப் பார்த்தார்: "பிள்ளைக்கா?"
காதுக்கு என்றேன்.
மீதிக் காசை இரண்டு தரம் எண்ணித் தந்தார்.

பேலியகொடைக் குளிரறையில்
பூச்சியத்துக்குக் கீழே பதினெட்டில்
இறால் பெட்டி அடுக்குகிறான் அமலதாஸ்.
கம்பனி தந்த தொப்பி
காதுக்கு மேலேயே நின்றுவிடுகிறது.

அவன் நித்திரையில் தலையைச் சுற்றி
நூல் பிடித்து அளந்தேன். ஐம்பத்தேழு.
பின்னல் இழுபடும், ஐம்பத்திரண்டு போதும்.

பதினெட்டுக் கண்ணி.
போக ஒரு வரி, வர ஒரு வரி,
எல்லாம் ஒரே பின்னல்,
பிழைக்க இடமே இல்லை என்றாள்
மேல்மாடி ஷிராணி.
பிழைத்தேன்.
கரண்ட் போன இரவு,
வியர்த்த விரலை நூல் விடவில்லை.
மெழுகுதிரியில் எண்ணினால் பதினேழு.
விழுந்ததை ஊக்கில் கோத்து நிறுத்தி
விடியும்வரை சும்மா இருந்தேன்.

இரு முனையும் சேர்த்துத் தைத்தாயிற்று.
தையல் பிடரிப் பக்கம்.

இன்றைக்கு வேலை விட்டு வந்தவன்
கழற்ற மறந்து சோற்றில் கை வைத்தான்.
தலைக்கு மேல் ஃபேன் சுற்றுகிறது,
நெற்றியால் வியர்வை வடிகிறது,
பச்சைக் கம்பளி இரண்டு காதையும் மூடி.

"வாடகையைக் கூட்டப் போகினமாம்" என்றேன்.
மென்றுகொண்டிருந்தான்.
"அடுத்த மாசத்திலயிருந்து."

இடது கையால் ஒரு பக்கம் தூக்கி,
"என்ன?"

சிவந்திருக்கவில்லை அந்தக் காது,
ஆறு வருசத்தில் முதல்தரம்.

"குழம்பு விடவோ எண்டனான்."