கீழ் இலை

மொக்போ துறைமுகத்தில் அன்று மழை.
எங்கள் வீட்டில் விருந்து:
மூன்று பேர், ஒரு சட்டி மீன்குழம்பு,
எஃகுக் குச்சிகள் ஆறு.

சோயாவில் ஊறிய எள்ளிலைகள்
ஒன்றன்மேல் ஒன்றாய் ஒட்டிக் கிடந்தன.
மிரான் மேலிலையைப் பற்றி இழுத்தாள்.
அடுத்ததும் கூடவே வந்தது.
உதறினாள். சிரித்தாள். விடவில்லை அது.

அப்போதுதான்
என் கணவன் தொக்சு,
கணவாய் விலையைச் சொல்லிக்கொண்டே,
பேச்சை நிறுத்தாமலே,
தன் குச்சிகளை நீட்டிக்
கீழ் இலையை அழுத்திப் பிடித்தான்.

இலை பிரிந்தது.
அவ்வளவுதான்.
அவள் நன்றிகூடச் சொல்லவில்லை.
சொல்லியிருக்கலாம்.

பதினொரு வருடமாய் நான்
இரண்டிரண்டாய்த் தின்கிறேன்,
நாக்கு உப்புக் கரிக்க.

இரவு கழுவும்போது பார்த்தேன்.
எல்லாம் ஒரே நீளம், ஒரே பளபளப்பு.
எது எதற்கு ஜோடியென்று
குச்சிகளுக்கே தெரியாது.
கைக்கு வந்ததைச் சேர்த்து வைத்தேன்.

காலையில் அதே கிண்ணம்.
ஒட்டிய இரண்டை எடுத்து
வாயருகே கொண்டுபோனேன்.
பிறகு இறக்கிவைத்து
மேலிலையை மட்டும்
மெல்ல இழுக்கத் தொடங்கினேன்.

அவன் செய்தித்தாளில்
வானிலை படித்துக்கொண்டிருந்தான்.

இழுத்துக்கொண்டே இருந்தேன்.