மூன்றாவது சிலிண்டர்

ஸ்டேஷன் ஜீப்புக்கு மூன்றாவது சிலிண்டரில் மிஸ்ஸிங்.
நாசில் அடைத்திருக்கும்.
வேதாளையில் இதை அறிந்தவன் நான் ஒருவன்தான்.
பாயில் கிடந்தபடி, காதால் அறிந்தேன்.

பன்னிரண்டு இரவு.
முதல் இரவு ஒன்றேகால் மணி. கச்சான் விழுந்துவிட்டிருந்தது;
வள்ளங்கள் ஒன்றையொன்று இடிக்கும் சத்தம்கூட இல்லை.
'உதுமான், சும்மா ரெண்டு வார்த்தை' என்றார்கள்.
ரெண்டு வார்த்தை சுபுஹு பாங்கு வரை நீண்டது.

நான் செய்தது இவ்வளவுதான்:
ஒன்பது குதிரை எஞ்சின் ஒன்றுக்கு இம்பெல்லர் மாற்றினேன்.
கூலி அறுநூறு. நானூறு தந்தார்கள்,
மிச்சம் வியாழக்கிழமை என்றார்கள்.
அந்த எஞ்சின் குருசடைத் தீவுக்கு அப்பால்
ஆளில்லாத பைபர் வள்ளத்தில்
பீடி இலை மூட்டைகளோடு கிடைத்ததாம்.
என் இருநூறு ரூபாய் இன்னும் தென்கடலில்தான் இருக்கிறது.

யாருடா கொண்டுவந்தான்?
தெரியாத முகம் சார்.
யாருடா கொண்டுவந்தான்?
அதே முகம். அதே தெரியாது.

செல்போனை வாங்கி வைத்துக்கொண்டார்கள்.
மச்சான் கடை வாசலில் போய் நின்றார்கள்,
ஒன்றும் கேட்கவில்லை, நின்றார்கள்.
மீன் வாங்க வந்தவர்கள் அடுத்த கடைக்குப் போனார்கள்.
பன்னிரண்டாம் இரவு ஜைனம்புவைப் பார்த்து,
'நீயும் வந்து உக்காரு, அவனுக்கு ஞாபகம் வரும்' என்றார் ஒருவர்.
விடிந்ததும் மதுரைக்குப் பஸ் ஏறினேன்.

ஒத்தக்கடையில் வக்கீல் திலகராணி
தேதி, மணி, பெயர் என்று மூன்று கட்டம் போட்டார்.
தேதி சொன்னேன். மணி சொன்னேன்.
பெயர்?
சட்டையில் பெயர்ப்பட்டை இல்லாத இரவுகள் அவை.
'அதையே எழுதுவோம்' என்றார்.

உத்தரவு மூன்று பக்கம்.
என் பெயர் ஒரே ஓர் இடத்தில்; மற்றபடி முழுக்க மனுதாரர்.
மனுதாரரை விசாரணை என்ற பெயரில் துன்புறுத்தக் கூடாது.
அழைப்பதானால் எழுத்தில் அழைக்க வேண்டும்.
காலை பத்துக்கு முன் இல்லை, மாலை ஆறுக்குப் பின் இல்லை.
மனுதாரர் ஒத்துழைக்க வேண்டும்.
'அப்போ கேஸ் முடிஞ்சுதா?' என்றேன்.
'கேஸ் கேஸாப் போகும். ராத்திரி மட்டும்தான் உங்களோடது.'

பிறகு ஒரு பகலில் ஏட்டு வந்தார், ஸ்கூட்டரில்,
குடித்த டீக்குக் காசு கொடுத்துவிட்டு
சம்மனில் கையெழுத்து வாங்கினார்.
செய்யது பக்கீர் மகன் சீனி உதுமான்.
வாப்பா பெயர் ஒரு எழுத்துப் பிசகாமல் இருந்தது.
எப்போதோ தெரிந்து வைத்திருக்கிறார்கள்.

பத்து மணிக்குப் போனேன். பெஞ்சைக் காட்டினார்கள்.
லுஹர் போனது. யாரும் எதுவும் கேட்கவில்லை.
அஸர் போனது.
ஐந்தரைக்கு ஒரே கேள்வி, அதே கேள்வி.
அதே பதில். இம்முறை எழுதினார்கள்.
தெரியாது.
எழுத ஒரு நொடிகூட ஆகவில்லை.
வக்கீல் சொன்னபடி, கையெழுத்துக்கு முன்
ஒரு தடவை படித்தேன், மறுபடி படித்தேன்.

எழுந்தபோது இன்ஸ்பெக்டர் சுவர்க் கடிகாரத்தைப் பார்த்தார்.
'உக்காருங்க மனுதாரரே, இன்னும் பத்து நிமிஷம் இருக்கே.'
எல்லோரும் சிரித்தார்கள்.
நானும் சிரித்தேன்.
பன்னிரண்டு இரவைவிட
அந்தச் சிரிப்புதான் இப்போது தொண்டையில் நிற்கிறது.

பட்டறையில், பிளக் டப்பாவுக்கு மேலே,
உத்தரவின் நகல் பிளாஸ்டிக் உறையில் தொங்குகிறது.
இரண்டாம் பக்கத்தில் என் கிரீஸ் விரல்.

இரவில் ஜீப் வருகிறது.
தர்கா வளைவில் கியர் இறங்குகிறது.
ஜைனம்பு தூங்குவதுபோல் படுத்திருக்கிறாள், நானும் அப்படியே.
வாசலுக்கு நேரே ஒரு மூச்சு தயங்குகிறது,
போய்விடுகிறது, மண்டபம் பக்கமாக,
அந்த மூன்றாவது சிலிண்டர் விட்டு விட்டு அடிக்க.

நாசிலைக் கழற்றித் துடைத்தால் போதும்.
அரைமணி வேலை.
எழுத்தில் கேட்கட்டும்.