இரண்டு பிள்ளைகள்

ஹொங் லிம் பூங்கா வாசலில் ஐசி கேட்டார்கள்.
கொடுத்தேன்.
காவலாளி முகத்தைப் பார்த்தார், அட்டையைப் பார்த்தார்,
"உள்ளே போங்க ஆண்டி."
எழுபத்தாறில்
தையல் முழுசாக ஆறுமுன்
வரிசையில் நின்று மாற்றி வாங்கிய ஓர் எழுத்து
இன்னும் வேலை செய்கிறது.

புல்லெல்லாம் இளஞ்சிவப்பு.
கவினேஷ் என்று சட்டையில் ஒட்டியிருந்த பையன்
கையில் ஒரு டார்ச்சைத் திணித்தான்.
"பிள்ளைக்காக வந்தீங்களா ஆண்டி?
மகனா, மகளா?"

"முதல்ல மகன். அப்புறம் மகள்."

"ரெண்டு பேருமா!"
கண் கலங்கிவிட்டது அவனுக்கு.
எங்க அம்மா இன்னும் பேசலை என்றான்.
திருத்த மனம் வரவில்லை.

மேடையில் யாரோ வரலாறு சொன்னார்கள்.
சட்டம், வழக்கு, நாடாளுமன்றம்.
பூகிஸ் தெருக் கழிவறையின் கூரை அதில் வரவில்லை.
ராத்திரி இரண்டு மணிக்கு
கீழே மாலுமிகள் கைதட்ட
மேலே நின்று பெரிய ரோஸி
குதிகால் செருப்பைக் கழற்றி என்னிடம் எறிவாள்:
"பிடிடி, போலீஸ் வந்தா ஓடணும்."
ஒற்றைச் செருப்பு இன்னும் என்னிடம்தான்.

விளக்கேற்றச் சொன்னார்கள்.
டார்ச்சுக்குப் பொத்தான் எங்கே என்று தெரியவில்லை.
அவன்தான் அழுத்திக் கொடுத்தான்.

திரும்பும்போது ரயில் பூகிஸில் நின்றது.
எங்கள் தெருவை இடித்துத் தோண்டிய நிலையம்.
கதவு திறந்ததும் தமிழில் ஒரு பெண்குரல்
இடைவெளியைக் கவனிக்கச் சொன்னது.

"தெரியும்மா" என்றேன்
கொஞ்சம் சத்தமாகவே.
போனிலிருந்து நிமிர்ந்து பார்த்தாள்
எதிர் இருக்கைப் பெண்.